மெசிலேட் என்ற சொல் உச்ச நீதிமன்றம் வரை போன கதை

மாத்திரை அட்டையின் பின்பக்கத்தைக் கடை விளக்கில் சாய்த்துப் பிடித்து, எழுத்துக்கூட்டிப் படித்துக்கொண்டிருந்தார் அந்தப் பெரியவர். புற்றுநோய் மருந்துகள் வைத்திருக்கும் ஒரு மருந்துக்கடையில் நான் மருந்தாளுநராக வேலை பார்த்த காலம் அது. மனைவிக்காக மாதம் தவறாமல் வந்து இமாட்டினிப் வாங்கிப் போவார்.

“தம்பி, டாக்டரம்மா சீட்டுல இமாட்டினிப் 400-னுதான் எழுதியிருக்காங்க. அட்டையில இமாட்டினிப் மெசிலேட்டுனு போட்டிருக்கே. இது வேற மருந்தா?”

“அதே மருந்துதாங்கய்யா.”

“அப்போ மெசிலேட்டுங்கறது?”

“அது ஒரு உப்புங்க.”

சொன்னதும் அவர் முகம் வாடிவிட்டது. “அவளுக்கு பிரஷர் இருக்கு தம்பி. உப்பைக் குறைக்கச் சொல்லியிருக்காங்களே.”

நான் சொன்னதில் பிழை இல்லை. ஆனால் அந்தப் பதில் அவரைப் பயமுறுத்தியதைத் தவிர வேறொன்றும் செய்யவில்லை. கடையில் கூட்டம் குறைந்ததும் அவரை உட்காரவைத்து விளக்கினேன். அப்படி விளக்கும்போதுதான், இந்த ஒரு சொல்லுக்குள் எவ்வளவு இருக்கிறது என்று எனக்கே உறைத்தது. மெசிலேட் என்றால் என்ன, மருந்தில் அதற்கு என்ன வேலை, அது சேர்ந்ததும் மருந்து புதிய பொருளாகிவிடுமா என்ற கேள்விகள் சென்னைக் காப்புரிமை அலுவலகத்தில் தொடங்கி உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கின்றன. நோவார்ட்டிஸ் என்ற மருந்து நிறுவனம் காப்புரிமை கேட்டு நடத்திய அந்த வழக்கைச் சொல்லிலிருந்தே தொடங்கிப் பார்க்கலாம்.

அட்டையில் ஒளிந்திருக்கும் கணக்கு

வேதியியலில் ஓர் அமிலமும் ஒரு காரமும் சேர்ந்தால் கிடைப்பது உப்பு. நாம் சாப்பாட்டில் போடும் சோடியம் குளோரைடு அப்படிப்பட்ட ஆயிரக்கணக்கான உப்புகளில் ஒன்று, அவ்வளவுதான். இமாட்டினிப் மூலக்கூறின் ஒரு முனையில் பிப்பரசின் என்ற வளையம் இருக்கிறது. அந்த வளையத்திலுள்ள நைட்ரஜன் ஒரு புரோட்டானை எளிதில் வாங்கிக்கொள்ளும். ஆகவே இமாட்டினிப் ஒரு காரம். அதோடு மெத்தேன்சல்போனிக் அமிலத்தைச் சேர்த்தால், அமிலம் தன் புரோட்டானை அந்த நைட்ரஜனுக்குக் கொடுத்துவிடுகிறது. ஒன்று நேர்மின்னூட்டமும் மற்றொன்று எதிர்மின்னூட்டமும் பெற்று, அந்த ஈர்ப்பில் பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன. மெத்தேன்சல்போனேட் என்ற நீளமான பெயரின் சுருக்கமே மெசிலேட். இதில் சோடியம் துளியும் இல்லை. பெரியவரின் கவலைக்கு முதல் பதில் அதுதான்.

அடுத்தது எடைக் கணக்கு. இமாட்டினிப்பின் மூலக்கூறு எடை 493.6. மெசிலேட்டாக மாறியபின் 589.7. அதாவது 100 மில்லிகிராம் இமாட்டினிப் வேண்டுமென்றால் 119.5 மில்லிகிராம் இமாட்டினிப் மெசிலேட் போட வேண்டும். 400 வேண்டுமென்றால் 478. அதனால்தான் அட்டையில் “400 மி.கி. இமாட்டினிப்புக்குச் சமமான இமாட்டினிப் மெசிலேட்” என்ற பொருளில் அச்சடித்திருப்பார்கள். “சமமான” என்ற அந்தச் சின்னச் சொல்லைப் பெரும்பாலானவர்கள் தாண்டிப் போய்விடுகிறார்கள். நோயோடு சண்டை போடுவது அந்த 400. மீதி 78 அதைத் தூக்கிக்கொண்டு வரும் கூலியாள்.

ஏன் கூலியாள் தேவைப்படுகிறது? வெறும் இமாட்டினிப் காரம் தண்ணீரில் சரியாகக் கரையாது. கரையாத மருந்து குடலைத் தாண்டி இரத்தத்துக்குள் போகாது. மெசிலேட் உப்பு, அமிலத்தன்மை கொண்ட நீரில் நன்றாகக் கரைகிறது. அமிலத்தன்மையை அளக்கும் பி.எச். எண் (எண் குறையக் குறைய அமிலம் கூடும்) 5.5-க்குக் கீழே இருந்தால் கரைதல் நன்றாக இருக்கும், நடுநிலைக்கு வந்தால் சுருங்கிவிடும். இரைப்பையோ அமிலக்கிடங்கு. மாத்திரை அங்கே கரைந்தவுடன் இமாட்டினிப் ஒரு பக்கம், மெசிலேட் ஒரு பக்கம் எனப் பிரிந்துவிடுகின்றன. விழுங்கிய மருந்தில் ஏறத்தாழ 98 சதவீதம் இரத்தத்துக்கு வந்து சேர்கிறது. வாய்வழி மருந்துகளில் இது அபூர்வமான எண்.

அதே சொல், அதே நோய், வேறு வேலை

மெசிலேட் எப்போதுமே சாதுவான கூலியாள்தான் என்று நினைத்துவிடக் கூடாது. இமாட்டினிப் எந்த நோய்க்காக உருவானதோ, அதே நாள்பட்ட மைலாய்டு லுகேமியா என்ற இரத்தப் புற்றுநோய்க்கு (மருத்துவர்கள் சிஎம்எல் என்பார்கள்) 1950-களிலிருந்து கொடுக்கப்பட்டுவந்த பழைய மருந்து புசல்பான். அதன் மூலக்கூறை வரைந்து பார்த்தால் நாலு கார்பன் நீளமுள்ள ஒரு சங்கிலி, அதன் இரண்டு முனையிலும் ஒவ்வொரு மெசிலேட்.

ஆனால் இங்கே மெசிலேட் மின்னூட்ட ஈர்ப்பில் பக்கத்தில் நிற்கவில்லை. சங்கிலியோடு நேரடியாகப் பிணைந்திருக்கிறது. வேதியியலாளர்கள் இதை எஸ்டர் என்பார்கள். எஸ்டரில் உள்ள மெசிலேட், வாய்ப்புக் கிடைத்தால் கழன்று போகத் துடிக்கும் குழு. டி.என்.ஏ.வில் உள்ள குவானைன் நெருங்கியதும் அது கழன்றுகொள்கிறது, கார்பன் முனை குவானைனைப் பிடித்துக்கொள்கிறது. இரண்டு முனையிலும் இப்படி நடந்தால் டி.என்.ஏ. குறுக்கே தைக்கப்பட்டுவிடும். செல் பிரிய முடியாமல் சாகும். புற்றுச் செல்லும் சாகும், எலும்பு மஜ்ஜையில் உள்ள நல்ல செல்லும் சாகும்.

ஆக, புசல்பானில் மெசிலேட்தான் ஆயுதத்தின் விசை. இமாட்டினிப்பில் அது கரைவதற்கான துணை. பெயரை மட்டும் பார்த்து இது எது என்று சொல்ல முடியாது. எந்தப் பிணைப்பில் நிற்கிறது என்று பார்க்க வேண்டும். மருந்து ஆலைகளில் இது ஏட்டுக்கல்வி விஷயமும் அல்ல. மெசிலேட் உப்பு தயாரிக்கும் இடத்தில் எத்தனால் போன்ற ஆல்கஹால் மிஞ்சியிருந்தால், அமிலமும் ஆல்கஹாலும் சேர்ந்து எத்தில் மெசிலேட் என்ற எஸ்டர் உருவாகலாம். அது மரபணுவைச் சேதப்படுத்தும். 2007-இல் ஐரோப்பாவில் ஓர் எச்.ஐ.வி. மருந்தின் மெசிலேட் உப்பில் இந்த மாசு கலந்தது கண்டுபிடிக்கப்பட்டு, மருந்தைச் சந்தையிலிருந்து திரும்பப் பெற வேண்டிவந்தது. உப்பா எஸ்டரா என்ற வேறுபாட்டின் கனம் அவ்வளவு.

ரவையும் சேமியாவும்

இப்போது வழக்கின் மையத்திலிருந்த இன்னொரு சொல்லுக்கு வருவோம்: பீட்டா படிக வடிவம்.

ஒரே மூலக்கூறு திடப்பொருளாக உறையும்போது ஒன்றுக்கு மேற்பட்ட விதங்களில் அடுக்கப்படலாம். நெல் மூட்டைகளை நினைத்துக்கொள்ளுங்கள். அதே மூட்டைகளை நெட்டுக்குத்தாக அட்டி போடலாம், குறுக்கும் நெடுக்குமாக மாற்றி மாற்றியும் போடலாம். நெல் மாறவில்லை. ஆனால் அட்டியின் உறுதி மாறுகிறது, இடையில் காற்றும் ஈரமும் புகும் வழி மாறுகிறது. மூலக்கூறுகளின் இந்த மாறுபட்ட அடுக்குகளைப் பல்லுருவங்கள் என்கிறோம். சிலர் இதற்குச் சீனியையும் கற்கண்டையும் உதாரணம் சொல்வார்கள். அது தவறு. இரண்டிலும் அடுக்கு ஒன்றே, படிகத்தின் அளவுதான் வேறு.

இமாட்டினிப் மெசிலேட்டின் ஆல்பா படிகங்கள் ஊசி ஊசியாக இருக்கும், காற்றின் ஈரத்தையும் உறிஞ்சும். பீட்டா படிகங்கள் ஊசியாக இருப்பதில்லை, ஈரம் இழுப்பதும் குறைவு, அறை வெப்பநிலையில் அதிக நிலைத்தன்மை கொண்டவை. ஆலையில் இதற்கு என்ன மதிப்பு? மாத்திரை அழுத்தும் இயந்திரத்தின் குழிக்குள் தூள் சரளமாக விழ வேண்டும். புனலில் ரவையைக் கொட்டினால் ஓடிவிடும், சேமியாவைக் கொட்டினால் சிக்கிக்கொள்ளும். ஊசிப் படிகம் சேமியா மாதிரி. குழியில் தூள் கூடக்குறைய விழுந்தால் ஒரு மாத்திரையில் 400 இருக்கும், அடுத்ததில் 370 இருக்கும். மழைக்காலத்தில் உப்பு ஜாடி கசிவது போல மருந்துத் தூள் ஈரமானால் அதுவும் பிரச்சினை. பீட்டா வடிவத்தைக் கண்டுபிடித்தவர்கள் சும்மா ஏதோ செய்துவிட்டார்கள் என்று சொல்ல என்னால் முடியாது. படிகம் மாறினால் என்ன ஆகும் என்பதற்கு 1998-இல் ரிட்டோனவிர் என்ற எச்.ஐ.வி. மருந்து பாடம் சொன்னது. யாரும் எதிர்பாராத, கரைதிறன் குறைந்த ஒரு புதிய பல்லுருவம் திடீரெனத் தோன்றியதால் அதன் கேப்சூல்களைச் சந்தையிலிருந்து எடுக்க வேண்டியதாயிற்று.

சரி, பீட்டா மாத்திரையை விழுங்கியபின் என்ன நடக்கிறது? இரைப்பையில் கரைகிறது. கரைந்த நொடியில் அட்டி கலைந்துவிட்டது. இரத்தத்தில் ஓடும் இமாட்டினிப் மூலக்கூறுக்கு, தான் ஆல்பாவிலிருந்து வந்தோமா பீட்டாவிலிருந்து வந்தோமா என்ற அடையாளமே கிடையாது. இந்த இடத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

1602/எம்ஏஎஸ்/98

சிஎம்எல் நோயாளிகளின் இரத்தச் செல்களில் வழக்கத்தைவிடக் குட்டையான ஒரு குரோமோசோம் இருப்பதை 1960-இல் பிலடெல்பியாவில் பீட்டர் நோவெலும் டேவிட் ஹங்கர்போர்டும் கண்டார்கள். 9-ஆம், 22-ஆம் குரோமோசோம்களின் துண்டுகள் இடம் மாறிக்கொள்வதால் அது உருவாகிறது என்று 1973-இல் ஜேனட் ரவுலி காட்டினார். அந்த இடமாற்றத்தால் பிறக்கும் பிசிஆர்-ஏபிஎல் என்ற புரதம் ஓயாமல் “பெருகு, பெருகு” என்று கட்டளையிடும். அதன் வாயை அடைக்கும் மூலக்கூறைச் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில், சீபா-கெய்கி நிறுவனத்தில், யூர்க் சிம்மர்மனும் நிக்கோலஸ் லைடனும் அவர்கள் குழுவினரும் உருவாக்கினார்கள். அமெரிக்காவின் போர்ட்லாந்தில் பிரையன் டிரக்கர் அதை நோயாளிகளிடம் கொண்டுபோனார். 1998-இல் மனிதச் சோதனை தொடங்கி, 2001 மே 10 அன்று அமெரிக்க அனுமதியும் கிடைத்துவிட்டது. அதற்கு முன் இந்த நோய்க்கு இன்டர்பெரான் ஊசியும் எலும்பு மஜ்ஜை மாற்றும்தான் பெரிய நம்பிக்கை. இன்று தினம் ஒரு மாத்திரையோடு பல்லாண்டு வாழ்கிறார்கள். இந்த மருந்தின் மேல் எனக்கு உள்ள மரியாதையைச் சொல்லிவிட்டுத்தான் வழக்கைப் பற்றிப் பேச விரும்புகிறேன்.

சிம்மர்மன் பெயரில் 1996 மே மாதம் அமெரிக்கக் காப்புரிமை வழங்கப்பட்டது. அதில் இமாட்டினிப்பும் அதன் மருத்துவப் பயன்பாட்டுக்குரிய உப்புகளும் அடக்கம். அப்போது இந்தியச் சட்டம் மருந்துப் பொருளுக்குக் காப்புரிமை தராது. செய்முறைக்கு மட்டுமே தரும். உலக வர்த்தக அமைப்பின் ஒப்பந்தப்படி சட்டத்தை மாற்ற இந்தியா கால அவகாசம் வாங்கியிருந்தது. அந்த இடைக்காலத்தில் வரும் விண்ணப்பங்களை வாங்கி “அஞ்சல் பெட்டி”யில் பூட்டி வைத்தார்கள்.

1998 ஜூலை 17 அன்று அப்படி ஒரு விண்ணப்பம் சென்னைக் காப்புரிமை அலுவலகத்துக்கு வந்தது. சீபா-கெய்கியும் சாண்டோஸும் இணைந்து உருவான நோவார்ட்டிஸ் நிறுவனம் கேட்டது, இமாட்டினிப் மெசிலேட்டின் பீட்டா படிக வடிவத்துக்குக் காப்புரிமை. எண் 1602/எம்ஏஎஸ்/98. நகரத்தின் பெயர் சென்னையாகி இரண்டு வருடம் ஆகியும், சென்ட்ரல் ரயில் நிலையத்தைப் போலவே இந்தக் கோப்பும் எம்ஏஎஸ் என்ற மெட்ராஸ் காலத்துப் பழைய குறியீட்டைச் சுமந்தது.

2003 நவம்பரில் நோவார்ட்டிஸுக்குத் தனி விற்பனை உரிமை கிடைத்தது. அதை வைத்து உள்நாட்டுத் தயாரிப்பாளர்கள் சிலருக்கு எதிராகச் சென்னை உயர் நீதிமன்றத்தில் தடையும் வாங்கப்பட்டது. அந்த நாளில் நோவார்ட்டிஸ் மருந்தின் விலை ஒரு நோயாளிக்கு மாதம் சுமார் 1,20,000 ரூபாய். உள்நாட்டு ஜெனரிக் மருந்து 8,000 முதல் 12,000 வரை. பெரும்பாலான நோயாளிகளுக்கு இலவசமாகவே கொடுக்கிறோம் என்று நோவார்ட்டிஸ் சொன்னது. ஆனால் இலவசத் திட்டம் என்பது கொடுப்பவர் முடிவு. விலை குறைந்த மருந்து கடையில் இருப்பது வேறு விஷயம். மருந்துக்கடையில் நின்றவன் என்ற முறையில் இந்த வேறுபாட்டை நான் சாதாரணமாக எடுத்துக்கொள்ள மாட்டேன்.

2005-இல் சட்டம் மாறியது. பெட்டி திறந்தது. கூடவே பிரிவு 3(டி) வந்தது. தெரிந்த ஒரு பொருளின் புதிய வடிவம், அந்தப் பொருளின் பயன்திறனைக் கூட்டாவிட்டால் அது கண்டுபிடிப்பு ஆகாது என்றது அந்தப் பிரிவு. அதன் விளக்கக் குறிப்பில் உப்பு, எஸ்டர், பல்லுருவம், துகள் அளவு, மாற்றியன் என்று வரிசையாகப் பட்டியல் இருக்கிறது. வேதியியல் பாடப்புத்தகத்தின் பொருளடக்கத்தை எடுத்துச் சட்டத்தில் வைத்தது போல இருக்கும். மெசிலேட்டும் பீட்டா படிகமும் அந்த ஒரே வாக்கியத்துக்குள் விழுந்தன.

புற்றுநோயாளிகளுக்கான மும்பை அமைப்பு ஒன்றும், நாட்கோ, சிப்லா, ரான்பாக்சி, ஹெட்டெரோ ஆகிய நிறுவனங்களும் ஆட்சேபணை தெரிவித்தன. 2006 ஜனவரி 25 அன்று சென்னை அலுவலகம் விண்ணப்பத்தை நிராகரித்தது. 3(டி) பிரிவே செல்லாது என்று நோவார்ட்டிஸ் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனது. 2007 ஆகஸ்ட் 6 அன்று நீதிபதிகள் ஆர். பாலசுப்பிரமணியனும் பிரபா ஸ்ரீதேவனும் அந்த மனுவைத் தள்ளுபடி செய்தார்கள். “பயன்திறன்” என்ற சொல் தெளிவில்லாதது என்று வாதிடப்பட்டபோது, நீதிபதிகள் மருத்துவ அகராதியையே எடுத்துப் பார்த்தார்கள். விரும்பிய சிகிச்சை விளைவை உண்டாக்கும் ஆற்றல் என்பது அங்கே கிடைத்த பொருள். பின்னால் உச்ச நீதிமன்றம் நடந்த பாதை இங்கேயே போடப்பட்டுவிட்டது என்பது என் கருத்து.

2009-இல் அறிவுசார் சொத்துரிமை மேல்முறையீட்டு வாரியம் ஒரு வித்தியாசமான தீர்ப்பைச் சொன்னது. பீட்டா வடிவம் புதியது, எளிதில் ஊகிக்க முடியாதது, ஆனாலும் 3(டி)-யைத் தாண்டவில்லை. புதியதாக இருப்பதும் மருந்தாக மேம்பட்டிருப்பதும் ஒன்றல்ல என்பதை இதைவிடத் தெளிவாக யாரும் பிரித்துக் காட்டியதில்லை.

எதை எதோடு ஒப்பிடுவது?

2013 ஏப்ரல் 1 அன்று உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் ஆப்தாப் ஆலமும் ரஞ்சனா பிரகாஷ் தேசாயும் தீர்ப்பளித்தார்கள். அதில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி, ஒப்பீட்டைப் பற்றியது.

பீட்டா வடிவத்தில் மருந்து உடலுக்குக் கிடைக்கும் அளவு 30 சதவீதம் கூடுகிறது என்று நோவார்ட்டிஸ் வல்லுநர்கள் பிரமாண வாக்குமூலம் கொடுத்தார்கள். கேட்டால் பெரிய எண். ஆனால் எதைவிட 30? வெறும் இமாட்டினிப் காரத்தைவிட. நீதிமன்றம் கேட்டது இதுதான்: மெசிலேட் உப்பு சிம்மர்மன் காப்புரிமையிலேயே தெரிந்துவிட்ட பொருள். அப்படியானால் பீட்டா மெசிலேட்டை ஒப்பிட வேண்டியது மெசிலேட்டோடு அல்லவா?

மெசிலேட் ஏற்கெனவே தெரிந்தது என்பதற்கு நோவார்ட்டிஸே சாட்சி ஆகியிருந்தது. அமெரிக்க அனுமதி வாங்கும்போது, இந்த மருந்தைக் காப்பது சிம்மர்மன் காப்புரிமை என்று அறிவித்திருந்தது. 2004 பிப்ரவரியில், நாட்கோவின் வீனாட் என்ற இமாட்டினிப் கேப்சூலைப் பிரிட்டனில் விற்கக் கூடாது என்று அனுப்பிய வக்கீல் நோட்டீஸிலும் அதே காப்புரிமையைத்தான் ஆதாரமாகக் காட்டியிருந்தது. வெளிநாட்டில் “மெசிலேட் அதற்குள் அடக்கம்” என்று சொல்லிவிட்டு, இங்கே “அடக்கம் இல்லை” என்று சொல்வதை நீதிமன்றம் ஏற்கவில்லை.

மீதி இருந்தவை சரளமாக விழும் தன்மை, நிலைத்தன்மை, குறைவான ஈரம் உறிஞ்சல். ரவை-சேமியா விஷயம். தயாரிக்கவும் சேமிக்கவும் நல்லதுதான், நோயைக் குணமாக்குவதில் இவற்றுக்குப் பங்கு இல்லை என்றார்கள். மருந்துக்குப் பயன்திறன் என்றால் சிகிச்சைத் திறன் மட்டுமே. உடலுக்குக் கிடைக்கும் அளவு கூடியது என்பதும் தானாகவே சிகிச்சைத் திறன் ஆகிவிடாது. அது கூட்டுகிறது என்றால் ஆய்வுத் தரவோடு நிரூபிக்க வேண்டும். இங்கே அது நிரூபிக்கப்படவில்லை.

இரைப்பையில் அட்டி கலைந்துவிடுகிறது என்று மேலே சொன்னேனே, வேதியியலும் தீர்ப்பும் சந்திக்கும் இடம் அதுதான். அதே சமயம், சிறுசிறு மேம்பாடுகள் எதற்குமே காப்புரிமை கிடையாது என்று நீதிமன்றம் சொன்னதாகப் பலர் எழுதுகிறார்கள். தீர்ப்பில் அப்படி இல்லை. அந்த முடிவுக்கு வந்துவிட வேண்டாம் என்று தெளிவாகவே சொல்லியிருக்கிறார்கள். பக்கவிளைவைக் குறைப்பது சிகிச்சைத் திறனில் சேருமா என்ற கேள்விக்கும் முடிவான பதில் சொல்லவில்லை. ஒரு புதிய உப்போ படிகமோ வாந்தியைக் குறைத்து, அதனால் நோயாளி மருந்தை விடாமல் சாப்பிட முடிந்தால், அதை நான் திறன் என்றே கணக்கில் எடுப்பேன். அந்தக் கதவு இன்னும் திறந்தே இருக்கிறது.

அமெரிக்காவில் இதே பீட்டா வடிவத்துக்கு 2005-இல் காப்புரிமை கொடுத்தார்கள். சிம்மர்மன் காப்புரிமை 2015-இல் முடிந்தபிறகும் அங்கே முதல் ஜெனரிக் இமாட்டினிப் கடைக்கு வந்தது 2016 பிப்ரவரியில்.

கடையில் கேட்க வேண்டியது

இன்று புற்றுநோய் மருந்து அட்டைகளில் இப்படிப்பட்ட வால்கள் நிறைய. லென்வாட்டினிப் மெசிலேட், ஆசிமெர்ட்டினிப் மெசிலேட், சொராபெனிப் டோசிலேட், சுனிட்டினிப் மாலேட், எர்லோட்டினிப் ஹைட்ரோகுளோரைடு. எல்லாவற்றிலும் முதல் சொல்தான் மருந்து, இரண்டாவது சொல் உப்பின் பெயர். கம்பெனி மாற்றி வாங்கும்போது பார்க்க வேண்டியது “சமமான” என்ற சொல்லுக்குப் பக்கத்திலுள்ள எண் மருத்துவர் எழுதிய எண்தானா என்று. அது மாறியிருந்தால் மருத்துவரிடம் கேட்காமல் தொடக் கூடாது. ஆல்பாவா பீட்டாவா என்பது அட்டையில் இருக்காது, நோயாளி தேடவும் வேண்டாம். இமாட்டினிப்பைச் சாப்பாட்டோடு, ஒரு பெரிய தம்ளர் தண்ணீர் ஊற்றி விழுங்க வேண்டும். வயிற்றைப் புரட்டுவது அதனால் குறையும்.

அந்தப் பெரியவரிடம் பேசிய நாளுக்கு அப்புறம், “அது உப்புங்க” என்று நான் யாரிடமும் சொல்வதில்லை. “மருந்து தண்ணியில கரையறதுக்காகச் சேர்த்த துணைப்பொருள்ங்க, சமையல் உப்பு இல்ல, பிரஷருக்கு ஒண்ணும் பண்ணாது” என்று ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறேன். அடுத்த மாதம் அவர் வந்தபோது அட்டையைத் திருப்பி, “சமமான”வுக்குப் பக்கத்திலிருந்த 400-ஐ விரலால் தொட்டுப் பார்த்துவிட்டுப் பையில் வைத்துக்கொண்டார்.